எடிட்டிங் வேலைக்குப் போகலாமா என்று கேட்ட குடியாத்தம் தம்பிக்கு

குடியாத்தம் வாசகர் கேட்டது: "அக்கா, விஸ்காம் கடைசி வருஷம். நியூஸ் சேனல்ல எடிட்டரா சேரலாம்னு இருக்கேன். எங்க மாமா, அது வெட்டி ஒட்டற வேலை, இனிமே கம்ப்யூட்டரே பண்ணிடும், வேற எதுனா படின்றார். நெஜமாவே அந்த வேலை முடிஞ்சிப் போச்சா?"

2024 ஜூன் 2, இரவு 10.15

தம்பி, உங்கள் மாமா சொன்னதில் பாதி சரி. வெட்டி ஒட்டும் வேலைதான். நான் 1997இல் வேலூரில் ஒரு கல்யாண வீடியோ ஸ்டுடியோவில் ஆரம்பித்தேன். 2001இல் சென்னையில் ஒரு செய்தி சேனலுக்குப் போய் 15 வருஷம் இருந்தேன். இப்போது காட்பாடியில் வீட்டு மாடியில் உட்கார்ந்து ஆவணப்படங்கள் வெட்டுகிறேன்.

மீதிப் பாதியை அவர் பார்க்கவில்லை. ஒரு செய்தித் தொகுப்பு 90 நொடி என்று வையுங்கள். நம் ஊர் டிவிக்கு நொடிக்கு 25 ஃபிரேம், ஆக 2,250 படங்கள். அந்த 2,250 படமும் எங்கே எடுத்தது, எப்போது எடுத்தது, யார் எடுத்தது என்று கேட்டால் பதில் சொல்ல ஒரு ஆள் வேண்டும். ரிப்போர்ட்டர் அடுத்த செய்திக்குப் போய்விடுவார். கேமராமேன் தூங்கப் போய்விடுவார். அந்தப் படங்களைக் கடைசியாகத் தொட்டவர் எடிட்டர்தான்.

பட்டன் அமுக்குவது ஆறு மாதத்தில் வந்துவிடும். மற்றதை நாளைக்கு எழுதுகிறேன்.

2024 ஜூன் 3, காலை 6.30

கல்யாண வீடியோவிலிருந்தே ஆரம்பிக்கிறேன். படித்தது அங்கேதான்.

இரண்டு வி.எச்.எஸ். மெஷின், இரண்டு டிவி. ஒன்றில் ஓடுவதை இன்னொன்றில் பதிவு செய்ய வேண்டும். காப்பிக்குக் காப்பி எடுத்தால் படம் மங்கும், மூன்றாவது காப்பியில் பட்டுப்புடவையின் சிவப்பு பக்கத்து ஆள்மேல் வழியும். அதனால் எந்த இடத்தில் வெட்டப் போகிறோம் என்பதை முன்னாலேயே முடிவு செய்துவிட்டுத்தான் ரெக்கார்ட் பட்டனைத் தொடுவோம்.

ஒரு ரிசப்ஷனில் மேடைக்கு வந்த வரிசை 40 நிமிஷம் நீண்டது. பாதியை எடுத்துவிட்டேன். அதில் பெண்ணின் சித்தப்பாவும் போய்விட்டார். அண்ணன் தம்பிக்குள் ஏற்கெனவே பேச்சு இல்லையாம், சமாதானமாகி அன்றைக்குத்தான் வந்திருக்கிறார். கேசட்டில் அவர் இல்லை என்றதும், வேண்டுமென்றே எடுத்துவிட்டார்கள் என்று பேச்சு கிளம்பிவிட்டது. பெண்ணின் அப்பா ஸ்டுடியோவுக்கு வந்து என் எதிரில் உட்கார்ந்து, "எந்தம்பி வந்தாம்மா, நான் பார்த்தேன், எங்க போனான்?" என்று கேட்டார். வயது எனக்கு 22. அந்தக் கேள்வி இன்னும் காதில் இருக்கிறது.

2024 ஜூன் 3, இரவு 11

சேனலில் ஒரு ஷிஃப்ட் எப்படிப் போகும் என்று தம்பி கேட்டிருக்கிறார்.

மூன்று ஷிஃப்ட். காலை 6, மதியம் 2, இரவு 10. நான் பெரும்பாலும் மதியம். ரிப்போர்ட்டர் எழுதிய ஸ்கிரிப்டைக் குரல் கொடுப்பவர் படித்துத் தருவார். அதை டேப்பில் முதல் ஆடியோ சேனலில் போடுவோம், இடத்தின் சத்தம் இரண்டாவது சேனலில். அப்புறம் பைட், அதாவது யாராவது பேசுவது. 12 நொடி, மிஞ்சினால் 15. கடைசியில் மற்ற இடமெல்லாம் விஷுவலால் மூடுவது.

பீட்டா டேப் காலத்தில் ஒவ்வொரு கட்டுக்கும் மெஷின் 5 நொடி பின்னால் போய், ஓடி வந்து, சரியான ஃபிரேமில் பதியும். 30 கட் என்றால் 30 தடவை அந்த 5 நொடி. புதிதாக வந்தவர்கள் சலித்துக்கொள்வார்கள். எனக்கு அது தேவையாக இருந்தது, இந்த ஷாட் வேண்டாம் என்று பல தடவை அந்த 5 நொடியில்தான் தோன்றியிருக்கிறது.

மாவட்டச் செய்தி டேப்பாகத்தான் வரும். வேலூர் ஸ்ட்ரிங்கர், அதாவது சேனலுக்குப் படம் எடுத்து அனுப்பும் உள்ளூர்க்காரர், ஷூட் முடித்து, மதியம் பஸ் ஸ்டாண்டில் ஒரு கண்டக்டரிடம் கவரைக் கொடுத்து பஸ் நம்பரை போனில் சொல்வார். 140 கிலோமீட்டர், மூன்று மணி நேரத்துக்கு மேல். 2002இல் கோயம்பேடு நிலையம் திறக்கும்வரை பாரிமுனையில் ஆபீஸ் பையன் காத்திருப்பான். 7 மணி புல்லட்டினுக்கு 6.20க்கு டேப் கைக்கு வந்த நாள் எத்தனையோ. 40 நிமிஷ டேப்பை ஓட்டிப் பார்க்க 40 நிமிஷம் கிடையாது. வேகமாகச் சுற்றி, கண்ணில் பட்டதை எடுத்து ஒட்டுவோம்.

2024 ஜூன் 3, இரவு 11.40

திருத்தம். எல்லா மெஷினிலும் 5 நொடிதான் என்று இல்லை, மாற்றி வைக்கலாம். எங்கள் அறையில் 5 வைத்திருந்தோம். வாலாஜா நண்பர் சுட்டிக்காட்டினார், நன்றி.

2024 ஜூன் 4, மாலை

இன்றைக்கு ஓட்டு எண்ணிக்கை. இந்த நேரத்தில் சேனல் எடிட் அறையில் இருப்பவர்கள் காலையிலிருந்து சாப்பிட்டிருக்க மாட்டார்கள். லைவ் ஓடும் நாளில் எடிட்டருக்கு வேலை இல்லை என்று நினைப்பவர்கள் உண்டு. இரவு 9 மணிக்கு "இன்று நடந்தவை" என்று 4 நிமிஷம் வருமே, அதற்காக 12 மணி நேர லைவ் பதிவிலிருந்து பொறுக்கிக்கொண்டிருப்பார்கள். முன்னிலையில் இருந்தவர் பிற்பாடு பின்னால் போயிருப்பார். காலை 10 மணி கொண்டாட்ட ஷாட்டை இரவுத் தொகுப்பில் அப்படியே வைத்தால் தோற்றவர் ஜெயித்ததுபோல ஆகிவிடும். மணி எத்தனை என்று திரையில் போட வேண்டும்.

2024 ஜூன் 5, இரவு

நான் சொல்ல வந்த முக்கியமான விஷயம் இதுதான். ஃபைல் ஷாட்.

ஒரு செய்திக்கு அன்றைய படம் இல்லையென்றால் லைப்ரரியில் இருக்கும் பழைய படத்தைப் போடுவோம். ஓரத்தில் "கோப்புக் காட்சி" என்று எழுத வேண்டும். அவசரத்தில் அந்த எழுத்து விட்டுப்போகும்.

எங்கள் லைப்ரரியில் பாலாறு என்று ஒரு டேப். முதல் பாதி வெறும் மணல், ஆம்பூர் பக்கம் ஒரு ஓடையில் நுரை. அதற்கப்புறம் 11 நொடிக்கு ஒரு அருமையான ஷாட், ஆறு நிறைய தண்ணீர். இடமிருந்து வலமாகப் போகிறது, அக்கரையில் தென்னை, ஒரு கோபுரம், கொஞ்சம் மதில். லாக் ஷீட்டில், அதாவது டேப்பில் என்ன இருக்கிறது என்று எழுதி வைக்கும் தாளில், என் கையெழுத்திலேயே "பாலாறு, வெள்ளம், விரிஞ்சிபுரம்". திருவாரூர் தேரழகு, விரிஞ்சிபுரம் மதிலழகு என்று நம் பக்கம் சொல்வார்களே, அந்தக் கோயில்.

அந்த 11 நொடியை எத்தனை தடவை போட்டிருப்பேன் என்று கணக்கில்லை. கர்நாடகத்தில் மழை என்றால் அது. தடுப்பணை என்றால் அது. வாணியம்பாடி, ஆம்பூர், மாதனூர், எந்த ஊர்ச் செய்தியாக இருந்தாலும் அதுதான். பாலாறு நந்தி மலையில் பிறந்து 348 கிலோமீட்டர் ஓடுகிறது, அதில் 222 கிலோமீட்டர் தமிழ்நாட்டில். அவ்வளவு நீள ஆற்றை என் 11 நொடிக்குள் அடைத்துவிட்டேன்.

ஒரு ஐப்பசியில் மாதனூர் பக்கம் இருக்கும் என் பெரிய மாமா போன் செய்தார். "இன்னாமா, எங்க ஊர் பேர் போட்டு டிவில தண்ணி வந்துகினு கீது. பசங்கள வண்டில ஏத்திகினு ஆத்துக்குப் போனேன். மணலுதான் கீது. எது நெஜம்?"

பேரப்பிள்ளைகள் இரண்டு பேர். பெரியவனுக்கு 9 வயது, அதுவரை ஆற்றில் தண்ணீரே பார்த்ததில்லையாம். சட்டையைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு வந்தானாம் குளிப்பதற்கு. மாமா திட்டவில்லை. அவர் பாட்டுக்குச் சொல்லிவிட்டு போனை வைத்துவிட்டார்.

மறுநாள் போய் லைப்ரரி டேப்பில் எல்லா லாக் ஷீட்டையும் உட்கார்ந்து படித்தேன். பாதிக்கு மேல் தேதியே இல்லை. அன்றைக்கு 160 பக்க நோட்டு ஒன்று வாங்கினேன், ஒவ்வொரு ஷாட்டுக்கும் இடம், தேதி, எடுத்தவர், எந்தப் பக்கம் பார்த்து எடுத்தது. சேனலை விட்டு வரும்போது அப்படி 14 நோட்டு சேர்ந்திருந்தது. எங்கள் அப்பா காட்பாடி ஆர்.எம்.எஸ்ஸில், அதாவது ரயில் தபால் பிரிவில், கடிதங்களை ஊர்வாரியாகப் பிரிக்கும் சார்ட்டராக இருந்தவர். நோட்டைப் பார்த்துவிட்டு "பின்கோடு போட்டுட்டியா?" என்று கேட்டார்.

2024 ஜூன் 6, காலை

பேரணாம்பட்டு வாசகி ஒருவர் பெண்கள் இந்த வேலையில் இருக்கிறார்களா என்று கேட்கிறார். இருக்கிறோம். நான் சேர்ந்தபோது எங்கள் அறையில் இரண்டு பேர். மதிய ஷிஃப்ட் இரவில் முடிந்தால் ஆபீஸ் வண்டி உண்டு, ஆனால் ஹாஸ்டல் கதவு 10 மணிக்குப் பூட்டிவிடும். அதனால் நானும் இன்னொரு பெண்ணும் நங்கநல்லூரில் தனி வீடு எடுத்தோம். வீட்டுக்காரரிடம் டேப், டைம்கோட் எல்லாம் விளக்கி நம்பவைக்க ஒரு வாரம் ஆனது.

ஒன்று மட்டும் தெரிந்துகொள்ளுங்கள். 1929இல் சோவியத் இயக்குநர் ட்ஸீகா வெர்தோவ் எடுத்த மௌன ஆவணப்படத்தில் ஒரு பெண் ஃபிலிமை வெளிச்சத்தில் பார்த்து, வெட்டி, வரிசைப்படுத்துவதைப் படத்துக்குள்ளேயே காட்டுவார்கள். அவர் எலிசவேத்தா ஸ்விலோவா. அந்தப் படத்தின் எடிட்டர் அவரேதான். ஃபிலிம் துண்டுகளைத் தட்டு தட்டாக, பெயர் ஒட்டி அடுக்கி வைத்திருப்பார். எனக்கு அந்த அடுக்குதான் முதலில் கண்ணில் பட்டது.

2024 ஜூன் 6, இரவு

வாலாஜா நண்பர் எழுதுகிறார்: செய்தியில் அவசரம், தப்பு நடக்கும். ஆவணப்படத்தில் நேரம் இருக்கிறது, அந்தச் சிக்கல் இல்லை.

நானும் அப்படித்தான் நினைத்து வெளியே வந்தேன். பாலாறு, தோல் தொழில் பற்றிய படம் ஒன்றில் 58 மணி நேரக் காட்சி கைக்கு வந்தது. முடிவில் வேண்டியது 52 நிமிஷம். எல்லாவற்றையும் பார்த்து, பேச்சை எல்லாம் எழுதி எடுக்கவே ஏழு வாரம். பிறகு எழுதியதைக் கத்தரித்துத் தரையில் பரப்பி, எந்தப் பேச்சு முன்னால், எது பின்னால் என்று அடுக்க வேண்டும். சுகமான வேலை, பொய் சொல்லவில்லை.

அதில் ஒரு இடம். வேலையிலிருந்து நின்றுவிட்ட தோல் தொழிலாளி ஒருவர் ஷெட் வாசலில் உட்கார்ந்து பேசுகிறார். பின்னால் உள்ளே தோல் பதனிடும் பெரிய டிரம் சுற்றுகிறது. ஈரத்தோல் மேலே போய் விழும் சத்தம், தொப், கொஞ்ச நேரம் கழித்து தொப். அவர் பேச்சில் 20 நொடி சுற்றி வளைக்கிறார், அதை எடுத்துவிடலாம் என்று வெட்டினேன். படத்தில் வெட்டு தெரியவில்லை, அவர் கையைக் காட்டும் ஷாட்டைப் போட்டு மூடிவிட்டேன். காதில் தெரிந்தது. தொப், தொப் இரண்டும் ஒட்டி விழுந்தன. தாளம் தப்பினால் யாருக்கும் தெரியும். சரி என்று தனியாக எடுத்த டிரம் சத்தத்தை அடியில் முழுசாக ஓடவிட்டு அதையும் சரி செய்தேன்.

வெட்டு இப்போது கண்ணுக்கும் தெரியாது, காதுக்கும் தெரியாது. அப்போதுதான் பயம் வந்தது. அந்த 20 நொடியைத் திரும்பக் கேட்டேன். "முதலாளி நல்லவருதான், எங்க அம்மாவுக்கு சி.எம்.சில ஆபரேஷன் செலவு அவருதான் பார்த்தாரு" என்கிறார். அதற்கு அடுத்து நகத்தைப் பற்றி, தோலில் வந்த புண்ணைப் பற்றிச் சொல்கிறார். நான் வெட்டியதும் அவர் முதலாளிமேல் குறை மட்டும் சொல்லும் ஆளாகிவிட்டார். அவர் அப்படிப்பட்டவர் இல்லை. 20 நொடியையும் திரும்ப வைத்தேன், டிரம் சத்தத்தோடு.

ஆக, நேரம் இருந்தால் தப்பு நடக்காது என்பது இல்லை. நேரம் இருந்தால் தப்பை நன்றாக மூடலாம், அவ்வளவுதான்.

2024 ஜூன் 7, மதியம்

சின்னக் குறிப்பு. அதே படத்தில் 1996 ஆகஸ்ட் 28 தீர்ப்பைக் காட்ட வேண்டியிருந்தது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில் மாசு செய்தவரே ஈடு கட்ட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது, ஒவ்வொரு தோல் ஆலைக்கும் 10,000 ரூபாய் அபராதமும் போட்டது. காகிதத்தை எப்படிப் படமாக்குவது? வரியை மட்டும் எடுத்துத் திரையில் வைத்தோம். எழுத்து எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்று கேட்பவர்களுக்கு என் கணக்கு: வாய்விட்டு இரண்டு தடவை படியுங்கள், அவ்வளவு நேரம். எங்கள் அம்மாவை உட்கார வைத்துப் படிக்கச் சொல்லித்தான் நீளம் வைத்தேன்.

2024 ஜூன் 8, இரவு

தண்ணீர் ரயில் பற்றியும் சொல்லிவிடுகிறேன், இதுவும் வாலாஜா நண்பருக்குத்தான்.

2019 ஜூலை 12 அன்று ஜோலார்பேட்டையிலிருந்து சென்னைக்கு முதல் தண்ணீர் ரயில். 50 வேகன், 25 லட்சம் லிட்டர். காட்பாடியில் நின்று எங்கள் கேமரா எடுத்தது. பழுப்பு வேகன்கள் வரிசையாக, முடிவில்லாமல் போகின்றன, மூடி இடுக்கில் தண்ணீர் சொட்டுகிறது. அதற்கு அடுத்தபடி எங்களிடம் இருந்த இன்னொரு ஷாட்டை வைத்தேன். வேலூரில் ஒரு தெருவில் பெண்கள் பிளாஸ்டிக் குடங்களோடு லாரிக்குக் காத்திருப்பது. ரயில், குடம், ரயில், குடம். பார்த்தவர்கள் எல்லாம் அசந்துபோனார்கள்.

குடம் ஷாட் எடுத்தது 2017 மே மாதம். நோட்டில் இருந்தது. இரண்டையும் அடுத்தடுத்து வைத்தால் ஒரே நாள், ஒரே நேரம் என்றுதான் யாரும் நினைப்பார்கள். எங்கள் மாவட்டத்துத் தண்ணீர் எங்களைத் தாண்டிப் போகிறது என்ற கோபம் நியாயமானது, எனக்கும் இருந்தது. ஆனால் அந்தப் பெண்கள் அந்த ரயிலுக்கு எதிரில் நிற்கவில்லை. இயக்குநரோடு இரண்டு நாள் வாக்குவாதம். கடைசியில் குடம் ஷாட்டுக்குக் கீழே "வேலூர், மே 2017" என்று போட்டோம். வேகம் கொஞ்சம் குறைந்தது உண்மைதான். அப்படியே விட்டுவிட்டோம்.

2024 ஜூன் 9, காலை 7

தூக்கம் வரவில்லை. பள்ளிகொண்டா ஆசிரியர் ஒருவர் நேற்று இரவு எழுதிய நான்கு வரிதான் காரணம்.

"அம்மா, விரிஞ்சிபுரம் கோயிலும் சரி, எங்கள் ரங்கநாதர் கோயிலும் சரி, பாலாற்றின் தென்கரை. அக்கரையில் கோபுரம் தெரிகிறது என்றால் கேமரா வடகரையில் தெற்கே பார்த்து நிற்கிறது. ஆறு கிழக்கே ஓடுகிறது. கிழக்கு உங்கள் இடது கைப்பக்கம். அப்படியானால் தண்ணீர் வலமிருந்து இடமாக அல்லவா போக வேண்டும்? நீங்கள் இடமிருந்து வலம் என்று எழுதியிருக்கிறீர்கள்."

கையை நீட்டி, திசை பார்த்து, காகிதத்தில் போட்டுப் பார்த்தேன். அவர் சொல்வது சரி. ஒன்று, அது விரிஞ்சிபுரம் இல்லை. அல்லது நான் திசையைத் தப்பாக ஞாபகம் வைத்திருக்கிறேன்.

2024 ஜூன் 9, மதியம்

ஞாபகம் தப்பவில்லை. வேலை தேடிய காலத்தில் என் செய்தித் தொகுப்புகளைச் சேர்த்து ஒரு டிவிடி வைத்திருந்தேன். அதில் அந்த ஷாட் இருக்கிறது. தண்ணீர் இடமிருந்து வலமாகத்தான் போகிறது. அக்கரையில் கோபுரம், மதில்.

அப்படியானால் அது எந்த ஊர்?

2024 ஜூன் 10, இரவு

இடையில் தம்பி கேட்ட இரண்டு விஷயத்துக்குப் பதில்.

எங்கே படிப்பது: தரமணியில் எம்.ஜி.ஆர். திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் எடிட்டிங் தனிப் பாடம் உண்டு. புனே, கொல்கத்தா நிறுவனங்களிலும் உண்டு, நுழைவுத் தேர்வு எழுத வேண்டும். விஸ்காம் படித்துவிட்டு நேராகச் சேனலுக்குப் போகிறவர்கள்தான் அதிகம்.

கம்ப்யூட்டரே செய்துவிடுமா: பேச்சை எழுத்தாக்கும் வேலையை இப்போது கம்ப்யூட்டரிடம்தான் கொடுக்கிறேன். சென்னைப் பேராசிரியர் பேசியதை அழகாக எழுதிக்கொடுத்தது. அந்தத் தோல் தொழிலாளி பேசியதைக் கொடுத்தேன். "இஸ்துகினு போவும்" என்றது ஏதோ ஊர்ப் பெயராகிவிட்டது. ஆம்பூர், வாணியம்பாடியில் பாதிப் பேச்சு உருது கலந்து வரும், குடியாத்தம் தாண்டினால் தெலுங்கு. சேனலில் இருந்தபோது நம் பக்கத்து ஆள் பேச்சு புரியவில்லை என்று டெஸ்க்கில் வெட்டிவிடுவார்கள். நான் பக்கத்தில் இருந்தால் "இருங்க, அவர் என்ன சொல்றார்னா" என்று சொல்லிக் காப்பாற்றுவேன். குடியாத்தத்தில் பிறந்தவருக்கு இது கையில் இருக்கும் மூலதனம்.

இன்னொன்று. குழந்தை சம்பந்தப்பட்ட வழக்கில் முகம், பெயர், பள்ளி எதுவும் தெரியக் கூடாது. சிறார் நீதிச் சட்டம் 74ஆம் பிரிவு, போக்சோ 23ஆம் பிரிவு. முகத்தை மறைத்துவிட்டோம் என்று விட்டுவிடாதீர்கள். ஒருமுறை பையன் தலையைத் திருப்பிய இடத்தில் 8 ஃபிரேம் மறைப்பு விலகியிருந்தது. கால் நொடிக்குக் கொஞ்சம் மேல். புல்லட்டினுக்கு 4 நிமிஷம் முன்னால் பார்த்தேன். ஃபிரேம் ஃபிரேமாகப் போய்ப் பாருங்கள். அந்தப் பையன் யூனிஃபார்ம் நிறத்தையும் பாருங்கள்.

2024 ஜூன் 12, இரவு 9

கிடைத்துவிட்டது.

அந்த ஷாட்டை எடுத்தது எங்கள் பழைய வேலூர் ஸ்ட்ரிங்கர். இப்போது ஃபிளெக்ஸ் பேனர் அச்சடிக்கிறார். போன் செய்தேன். சேனலில் பழைய டேப்பின்மேல் திரும்பத் திரும்பப் பதிவதுதான் வழக்கம், ஒன்றும் மிஞ்சாது. இவர் தன் சின்ன டிஜிட்டல் வீடியோ கேசட்டில் எடுத்து, அதிலிருந்து காப்பி போட்டுத்தான் பஸ்ஸில் அனுப்புவாராம். கேசட் எல்லாம் பரணில் ஒரு பிஸ்கட் அட்டைப்பெட்டியில் இருக்கிறது என்றார்.

இன்று சத்துவாச்சாரியில் அவர் வீட்டுக்குப் போனேன். 60க்கு மேல் கேசட், பாதியில் பூஞ்சை. அவருடைய பழைய ஹேண்டிகாம் பேட்டரியில் ஓடாது, சார்ஜரில் ஒயரைப் பிடித்துக்கொண்டே இருந்தால் ஓடும். அவர் மருமகள் பிடித்துக்கொண்டார். பதினேழாவது கேசட்.

உள்ளங்கை அளவு திரை. முதலில் கறுப்பு. அப்புறம் லென்ஸ் மூடியைக் கழற்றும் சத்தம். அவர் குரல், 20 வருஷம் இளைய குரல்: "விரிஞ்சிபுரம். வடகரை. சாயங்காலம் அஞ்சரை." பிறகு ஆறு. கோபுரம். மதில். தண்ணீர் வலமிருந்து இடமாகப் போகிறது.

விரிஞ்சிபுரம்தான். ஆசிரியர் சொன்னதும் சரி. படத்தை இடவலமாகப் புரட்டியது நான். முந்தைய ஷாட்டில் ஏதோ ஒன்று இடமிருந்து வலமாகப் போயிருக்கும், இது எதிர்த்திசையில் போனால் கண்ணை உறுத்துமென்று ஒரு பட்டனில் திருப்பியிருப்பேன். திருப்பிய படம்தான் அந்தத் தொகுப்பிலிருந்து லைப்ரரிக்குப் போயிருக்கிறது. லாக் ஷீட்டில் அதை எழுதவில்லை. என் கையெழுத்து, என் வேலை. பாலாற்றை மேற்கே ஓடவிட்டு அத்தனை வருஷம் ஒளிபரப்பியிருக்கிறோம்.

ஸ்ட்ரிங்கரிடம் கேட்டேன், "அண்ணே, ஊர் பேர் சொல்லித்தான் ஆரம்பிப்பீங்களா?"

"எப்பவுமே சொல்லுவேனேம்மா. பேப்பர்ல எழுதி வெச்சா பஸ்ல தொலைஞ்சிடும்னு. நீங்கதான் ஷாட்டுக்கு முன்னாடி இருக்கறத வெட்டிடுவீங்க."

15 வருஷம். ஒவ்வொரு டேப்பிலும் அவர் சொல்லியிருக்கிறார். நாங்கள் படம் ஆரம்பிக்கும் இடத்திலிருந்துதான் எடுப்போம். இடத்தின் சத்தம் இரண்டாவது சேனலில் என்று ஜூன் 3 குறிப்பில் எழுதினேனே, அதில்தான் இருந்திருக்கிறார் மனிதர்.

2024 ஜூன் 12, இரவு 11.30

தேதி மட்டும் கிடைக்கவில்லை. கேமராவில் டேட்டா கோடு, அதாவது படத்தோடு பதியும் தேதியும் நேரமும், பார்த்தோம், 1 ஜனவரி, 00.04 என்கிறது. உள்ளே இருக்கும் சின்ன பேட்டரி போனால் கேமராவின் கடிகாரம் இப்படித் தப்பாகிவிடும். வாயில் வருஷத்தையும் சொல்லியிருக்கலாம் என்று அவரே வருத்தப்பட்டார். நான் அவரைச் சொல்ல ஒன்றும் இல்லை.

2024 ஜூன் 14, காலை

பள்ளிகொண்டா ஆசிரியருக்கு: ஐயா, நன்றி. மாதனூர் மாமாவுக்கும் போன் செய்து சொன்னேன். சட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு வந்த பையன் ஓசூரில் வேலைக்குப் போகிறானாம். 2021 நவம்பரில் பாலாறு இரு கரை தொட்டு ஓடியபோது அவனே ஆம்பூர் பாலத்துக்குப் பக்கத்தில் நின்று போனில் எடுத்து அனுப்பியிருக்கிறான். அந்தக் கிளிப்பை மாமா எனக்கு அனுப்பினார். எந்த இடத்தில் நின்றாய், எந்தப் பக்கம் பார்த்தாய் என்று அவனிடம் கேட்டு எழுதி வைத்துவிட்டேன்.

2024 ஜூன் 16, இரவு

குடியாத்தம் தம்பி இன்று வீட்டுக்கு வந்தார், மாமாவையும் கூட்டிக்கொண்டு. மாமாவுக்கு ஃபில்டர் காபி, தம்பிக்கு ஹெட்ஃபோன். பிஸ்கட் பெட்டியில் ஓடக்கூடிய கேசட் 31 தேறியது, எல்லாவற்றையும் கம்ப்யூட்டரில் ஏற்றுகிறோம். ஒரு மணி நேரக் கேசட்டுக்கு ஒரு மணி நேரம்தான், வேகப்படுத்த முடியாது. ஹார்ட் டிஸ்கில் 13 ஜிபி. ஓடும்போதே கேட்டு எழுத வேண்டும், கறுப்புத் திரையில் வரும் குரலிலிருந்து.

மாமா ஒன்றும் பேசாமல் ஒன்றரை மணி நேரம் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். ஒரு கேசட்டில் ஏதோ கடைத்தெரு வந்தது, குரல் சரியாகக் கேட்கவில்லை. தம்பி நிறுத்தி நிறுத்தி மூன்று தடவை ஓட்டினார். மாமா குனிந்து பார்த்துவிட்டு, "தரணம்பேட்டைடா இது. அந்த லுங்கிக் கடை இப்ப இல்ல" என்றார். தம்பி அதையும் எழுதிக்கொண்டார்.

17ஆம் கேசட்டுக்கு அவர் கையெழுத்தில் இப்படி இருக்கிறது: விரிஞ்சிபுரம், வடகரையிலிருந்து தெற்கே பார்த்து. சாயங்காலம் 5.30. வருஷம் தெரியவில்லை. 11 நொடி. தண்ணீர் வலமிருந்து இடம். புரட்டக் கூடாது.